முழுப் பாட்டும் வருகிறதா?

ஆரணியில் பட்டுத்தறி ஓடுகிற வீட்டில் பாட்டும் ஓடும். சேவூர், ஒண்ணுபுரம், தேவிகாபுரம் என்று சுற்றுவட்டாரம் முழுக்க இதுதான் வழக்கம். முதலில் மரப்பெட்டி ரேடியோ, அதில் விவித் பாரதியும் இலங்கை வானொலியும். அப்புறம் டேப் ரெக்கார்டர். அதற்குப் பிறகு எம்பி3 சிடி பிளேயர், ஒரே தட்டில் நூற்றைம்பது பாட்டு. இப்போது செல்போனும் அதோடு ஜோடி சேர்த்த புளூடூத் ஸ்பீக்கரும். காலையில் தறிக்குழியில் காலை விட்டு உட்காரும்போது போட்டால் மத்தியானச் சாப்பாடு வரை நிற்பதில்லை. நெசவு என்பது கையையும் காலையும் கண்ணையும் ஒருசேர வாங்கிக்கொள்கிற வேலை. மிச்சமிருப்பது காது ஒன்றுதான்.

அந்தக் காதுக்கு இப்போது புதுச் சரக்கு ஒன்று வந்திருக்கிறது. பெயர் லாஸ்லெஸ். ஸ்டுடியோ கொடுத்த பதிவில் ஒரு துளிகூடக் குறையாமல் கொண்டுவந்து சேர்க்கிறோம் என்கிறார்கள். 2021-ல் ஆப்பிள் மியூசிக் கூடுதல் கட்டணம் இல்லாமல் இதைக் கொடுக்க ஆரம்பித்தது. அதே வருடம் அறிவித்துவிட்டு வெகுநாள் இழுத்தடித்த ஸ்பாட்டிஃபை, 2025 செப்டம்பரில் ஒருவழியாக நாடு நாடாகத் திறந்துவிட்டது. இன்னொரு பக்கம் டெலிகிராமில் ராஜா பாட்டுக்கு ஒரு குழு, ரஹ்மான் பாட்டுக்கு ஒரு குழு என்று ‘ஃபிளாக்’ கோப்புகள் கைமாறிக்கொண்டே இருக்கின்றன. அவற்றில் பெரும்பாலானவை உரிமை வாங்காத பிரதிகள் என்பது கொடுப்பவருக்கும் தெரியும், எடுப்பவருக்கும் தெரியும்.

தறிச் சத்தத்துக்கு நடுவில் பாட்டு கேட்கிற ஊருக்கு இதெல்லாம் எதற்கு என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் பாட்டு எங்கெங்கே, எப்படியெல்லாம் குறைகிறது என்று பார்க்கப் புறப்பட்டால் இந்த ஊரில் தொடங்குவதுதான் வசதி.

அட்டையும் எண்ணும்

தறியின் தலைக்கு மேலே ஜக்கார்டு பெட்டி உட்கார்ந்திருக்கிறது. அதிலிருந்து துளை போட்ட அட்டைகள் சரம் சரமாகத் தொங்குகின்றன. மிதியை ஒருமுறை அழுத்தினால் ஓர் அட்டை முன்னால் வரும். துளை இருக்கும் இடத்தில் பாவு நூல் தூக்கும், இல்லாத இடத்தில் தூக்காது. மயிலும் மாங்காயும் யானையும் பார்டரில் விழுவது இந்தத் துளைகளின் கணக்கில்தான். 1804-ல் பிரான்சின் லியோன் நகரத்துப் பட்டுத்தறிக்காக ஜோசப் மரி ஜக்கார்டு செய்த ஏற்பாடு இது. அதே துளை யோசனையை வைத்துத்தான் அமெரிக்கா தன் 1890-ம் வருட மக்கள்தொகைக் கணக்கை எண்ணி முடித்தது. பிறகு அது கம்ப்யூட்டருக்குப் போனது. இன்று சில கூடங்களில் அட்டைக்குப் பதில் எலக்ட்ரானிக் ஜக்கார்டு வந்துவிட்டது, டிசைன் பென் டிரைவில் வருகிறது. பாட்டும் பென் டிரைவில்தான் வருகிறது.

அட்டை அடிக்கும்போது ஒரு துளை விட்டுப்போனால் என்ன ஆகும் என்று எந்தத் தறிக்காரருக்கும் விளக்க வேண்டியதில்லை. புடவை முழுக்க ஒவ்வொரு மயிலுக்கும் அதே இடத்தில் கண் இருக்காது.

சிடியில் இருக்கும் பாட்டும் இப்படிப்பட்ட அட்டைச் சரம்தான். ஒரு விநாடி ஒலியை 44,100 துண்டாக நறுக்கி, ஒவ்வொரு துண்டின் உயரத்தையும் 16 பிட் எண்ணாக எழுதுகிறார்கள். இடது காதுக்கு ஒரு வரிசை, வலது காதுக்கு ஒரு வரிசை. மனிதக் காது இருபதாயிரம் ஹெர்ட்ஸ் வரைதான் கேட்கும். அதைப் பிடிக்க அதைப்போல் இரண்டு மடங்குக்குச் சற்று அதிகமாக நறுக்கினால் போதும் என்பது கணக்கு. 1982-ல் விற்பனைக்கு வந்த சிடிக்காக முடிவு செய்தது இது, இன்றுவரை மாறவில்லை. ஐந்து நிமிடப் பாட்டுக்கு இப்படி ஐம்பது எம்பிக்கு மேல் ஆகும்.

தொண்ணூறுகளின் இணைய வேகத்தில் ஐம்பது எம்பியை அனுப்புவது நடக்கிற காரியமா? ஜெர்மனியின் ஃபிரான்ஹோஃபர் ஆய்வு நிறுவனத்தில் கார்ல்ஹைன்ஸ் பிராண்டன்பர்க்கும் கூட்டாளிகளும் ஒரு வழி கண்டார்கள். பெரிய சத்தம் ஒன்று வரும்போது அதன் பக்கத்தில் இருக்கும் சின்னச் சத்தம் காதில் விழாது. விழாததை எதற்குச் சுமப்பது? எறிந்துவிடு. இப்படி எறிந்து எறிந்து வந்ததுதான் எம்பி3. வாத்தியம் எதுவும் இல்லாமல் சூசன் வேகா பாடிய ஒரு பாட்டை வைத்து அதைச் சரிபார்த்தார்கள் என்பது அந்தத் துறையில் எல்லோரும் சொல்லும் கதை. 128 கேபிபிஎஸ் எம்பி3யில் மிஞ்சுவது மூலத்தின் பதினொன்றில் ஒரு பங்கு. நம் ஊர்ப் பக்கம் ‘150 பாட்டு’ சிடிகளில் ஓடியது பெரும்பாலும் இந்த ரகம்தான், அதற்கும் கீழே போனவையும் உண்டு.

ஃபிளாக் என்பது 2001-ல் வந்தது. இது எதையும் எறிவதில்லை. அட்டைகளை அழகாக மடித்துக் கட்டுகிறது, அவ்வளவுதான். கட்டின் அளவு ஏறத்தாழப் பாதியாகும். பிரித்தால் ஒரு துளை பிசகாமல் அதே சரம் திரும்ப வரும். ஆப்பிளின் ஏலாக் கோப்பும் இதே வேலையைத்தான் செய்கிறது. இதில் மாயம் ஒன்றும் இல்லை. லாஸ்லெஸ் பாட்டை நல்ல பாட்டாக்குவதில்லை, கொடுத்ததைக் கொடுத்தபடி திருப்பித் தருகிறது. எதைக் கொடுத்தார்கள் என்பது வேறு விஷயம். இந்தக் கட்டுரையின் பாதி அதைப் பற்றித்தான்.

சேவூரில் ஒரு சோதனை

சேவூரில் ஒரு தறி வீடு. ஒரகடத்தில் வேலை பார்க்கும் அக்கா மகன் லீவுக்கு வந்திருக்கிறான். செல்போனின் சார்ஜர் துளையில் செருகி எண்களை ஒலியாக மாற்றும் சின்ன டாக் ஒன்று, அதில் வயர் வைத்த இயர்போன். இதெல்லாம் இப்போது ஒரு சாதாரணப் புடவையின் விலைக்குள் கிடைக்கிறது. தறியை நிறுத்திவிட்டு மாமாவின் காதில் மாட்டினான். எண்பதுகளின் இளையராஜா பாட்டு ஒன்று. ஒரே பாட்டு, இரண்டு கோப்பு.

“ரெண்டுல எது நல்லாருக்கு, சொல்லு மாமா.”

“முதல்ல போட்டதுதான்டா. ரெண்டாவது என்னமோ உள்ள போயிடுச்சு.”

பையனின் முகம் சுருங்கியது. முதலில் போட்டது யூடியூப்பிலிருந்து இறக்கிய எம்பி3. இரண்டாவதுதான் அவன் பெருமையாக வைத்திருந்த சிடி பிரதி.

மாமா சொன்னதில் தப்பே இல்லை. எம்பி3யின் சத்தம் கூடுதல், சிடியின் சத்தம் குறைவு. சத்தம் கொஞ்சம் தூக்கலாக இருப்பதைத்தான் காது ‘நல்லாருக்கு’ என்று சொல்லும். ஒலித்துறைக்காரர்கள் இதனால்தான் இரண்டு பக்கமும் அளவைச் சமன் செய்யாமல் ஒப்பிட்டால் அந்தச் சோதனையைக் கணக்கிலேயே எடுப்பதில்லை. தொண்ணூறுகளின் நடுவிலிருந்து உலகம் முழுவதும் பாட்டுக் கம்பெனிகள் ஒன்றை ஒன்று மிஞ்சிச் சத்தத்தை ஏற்றியதற்கும் காரணம் இதுதான். மெதுவான இடத்தைத் தூக்கி, உரத்த இடத்தை நசுக்கி, பாட்டு முழுவதையும் ஒரே உயரத்துக்குக் கொண்டுவந்துவிடுவார்கள். பழைய பாட்டை ‘ரீமாஸ்டர்’ என்று திரும்ப விற்கும்போதும் இதே கூத்து.

பையன் விவரமானவன். அளவைச் சமன் செய்து மறுபடி போட்டான். மாமா கண்ணை மூடிக்கொண்டார்.

“இப்ப ரெண்டும் ஒண்ணுதான். இரு, இரு... அங்க பின்னால சலங்கை மாதிரி ஒண்ணு வருதே, அதை மறுபடி போடு. இது முன்னாடி இல்லையே?”

“இருந்தது மாமா. தேய்ஞ்சு போயிருந்தது.”

அது ஷேக்கர். எம்பி3 முதலில் கைவைப்பது இந்த மாதிரி இடங்களில்தான். ஷேக்கர், சிம்பல், சலங்கை, கைதட்டல் என்று எந்த ஸ்வரத்திலும் நிற்காமல் பொரிகிற ஒலிகளுக்கு நிறைய எண்கள் தேவை. எண்ணைக் குறைத்தால் ‘ஸ்ஸ்’ என்று தண்ணீருக்குள்ளிருந்து வருகிற மாதிரி குழம்பும். காஸ்டனெட் கட்டைகளின் அடி போலத் திடீரென்று விழும் ஒலிக்கு இன்னொரு சிக்கல் உண்டு. அடி விழுவதற்கு ஒரு இமைப்பொழுது முன்னாலேயே அதன் கசிவு கேட்டுவிடும். தபலா, உருமி, மிருதங்கத்தின் வலந்தலை எல்லாவற்றிலும் இதனால் முனை மழுங்கும். வயலின்கள் கூட்டமாக நிற்கிற ராஜாவின் இடையிசையில் தனித்தனி வில்கள் ஒட்டி ஒரே பசையாகிவிடும்.

இதெல்லாம் 128-ல். 320 கேபிபிஎஸ்ஸில் ஒழுங்காகச் செய்த எம்பி3யை, எது எதுவென்று தெரியாமல் கேட்டுச் சிடியிலிருந்து பிரித்துச் சொல்லக் கூடியவர்கள் வெகு சிலர். அதற்கு மேலே ‘ஹை-ரெஸ்’ என்று 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் எல்லாம் விற்கிறார்களே, அது எனக்குக் கொஞ்சமும் ஒப்பவில்லை. 2007-ல் மேயர், மோரன் என்ற இருவர் அமெரிக்க ஒலிப் பொறியாளர் சங்கத்தின் இதழில் ஒரு சோதனையை எழுதினார்கள். உயர்தரப் பதிவை நேராகவும், சிடி தரத்துக்கு இறக்கியும் மாற்றி மாற்றிப் போட்டதில், கேட்டவர்களுக்கு வித்தியாசம் பிடிபடவில்லை. எழுபதுகளில் நாடாவில் பதிந்த பாட்டுக்கு 24 பிட் கொடுப்பது இன்னும் வேடிக்கை. அந்த நாடாவின் இரைச்சலுக்குக் கீழே எந்தப் பாட்டும் ஒளிந்திருக்கவில்லை.

காதில் போனது

சோதனை முடிந்து தறி ஓட ஆரம்பித்ததும் பாட்டு மறுபடி புளூடூத் ஸ்பீக்கருக்குப் போனது. லாஸ்லெஸ் அங்கேயே செத்தது. சாதாரணப் புளூடூத் எந்தக் கோப்பு வந்தாலும் எஸ்பிசி என்ற முறையில் மறுபடி நசுக்கி, அதிகபட்சம் 328 கேபிபிஎஸ்ஸில்தான் அனுப்பும். சோனியின் எல்டாக் போன்றவை 990 வரை போகும், அதுவும் முழுமை இல்லை. சந்தா கட்டி, டேட்டா செலவழித்து லாஸ்லெஸ்ஸை வரவழைத்து, கடைசி மூன்றடியில் கோட்டை விடுகிறவர்கள் நம்மில் ஏராளம். டேட்டா கணக்கும் லேசில்லை. ஒரு பாட்டு முப்பது எம்பி என்றால், தினம் ஒன்றரை ஜிபி திட்டத்தில் ஐம்பது பாட்டு ஓடும். தறி வீட்டில் அது மத்தியானத்துக்கே காணாது.

கைத்தறியின் சத்தம் ஓரளவு பொறுக்கும்படி இருக்கும். விசைத்தறிக் கூடம் அப்படியில்லை. அங்கே தொண்ணூறு டெசிபலைத் தாண்டுவது சாதாரணம். எட்டு மணி நேரத்துக்கு 85 டெசிபலுக்கு மேல் கூடாது என்பது மருத்துவ உலகம் பரவலாக ஏற்றுக்கொண்ட எச்சரிக்கை. இரைச்சலால் காது கெடும்போது முதலில் விழுவது நாலாயிரம் ஹெர்ட்ஸ் சுற்றுவட்டாரம். பாடகரின் ச, ட, த தெளிவாகக் கேட்பதும், ஷேக்கர் கேட்பதும் அந்தப் பகுதியை நம்பித்தான். பத்து இருபது வருடம் விசைத்தறியில் நின்றவருக்குப் போயிருப்பது எம்பி3 எறிந்ததைவிட அதிகம். அதைத் திரும்பத் தர எந்த ஆப்பும் இல்லை. காதடைப்பான் விலை மிகக் கொஞ்சம். லாஸ்லெஸ் சந்தாவுக்கு முன்னால் அதைத்தான் வாங்கச் சொல்வேன்.

தறியே பார்க்காதவருக்கும் வயது ஒரு கத்தரி வைத்திருக்கிறது. ஐம்பதைத் தாண்டியவருக்குப் பதினான்காயிரம் ஹெர்ட்ஸ் பெரும்பாலும் கேட்காது. 128 எம்பி3 வெட்டுவது பதினாறாயிரத்துக்கு மேலே. அந்த வெட்டு மட்டும்தான் பிரச்சினை என்றால் நம் அப்பாக்கள் கவலைப்பட ஒன்றும் இல்லை.

பதிவிலேயே போனது

தமிழ்த் திரைப்பாட்டு தொலைந்த கதை எம்பி3க்கு முந்தியது. 1931-ல் வந்த ‘காளிதாஸ்’ படத்தின் பிரதி இன்று இல்லை. முப்பதுகளின் பேசும்படங்களில் பெரும்பகுதி அதே கதிதான். படம் போய் அரக்கு இசைத்தட்டு மட்டும் தங்கியதால் பிழைத்த பாட்டுகள் உண்டு. அந்த 78 சுற்றுத் தட்டில் ஒரு பக்கத்துக்கு மூன்றேகால் நிமிடம்தான் இடம். நீளமான பாட்டை இரண்டாக வெட்டி, முன்பக்கம் பாதி பின்பக்கம் பாதி என்று போட்டார்கள். படத்தில் இருக்கும் வடிவம் ஒன்று, தட்டில் இருக்கும் வடிவம் இன்னொன்று என்பது ஐம்பது அறுபதுகளில் வெகு சகஜம். இதில் எது ‘முழுப் பாட்டு’ என்று எந்தக் கோப்பும் தீர்த்துவைக்காது.

ரேடியோ இன்னொரு சல்லடை. மத்திய அலை ஐயாயிரம் ஹெர்ட்ஸுக்கு மேல் பெரிதாக எதையும் கொண்டுவராது. எம்.எஸ்.விஸ்வநாதனின் அக்கார்டியனையும் காங்காவையும் ஒரு தலைமுறை அந்தப் பாதி ஒலியில்தான் காதலித்தது. அதை யாரும் குறையென்று சொன்னதாகத் தெரியவில்லை.

1978-ல் ‘ப்ரியா’ வந்தது. தமிழ்த் திரைப்பாட்டில் ஸ்டீரியோவின் தொடக்கம் என்று பெயர் பெற்ற ஆல்பம். அதற்கு முந்தையவை மோனோ, இரண்டு காதிலும் ஒன்றேதான் வரும். இது தெரியாமல் ‘எஃபெக்ட் இல்லை’ என்று குறைபடுகிறவர்களுக்காகவே சில மறுவெளியீடுகளில் செயற்கையாக இடம் வலம் பிரித்து, எதிரொலி தெளித்து வைத்திருக்கிறார்கள். கேட்கச் சகிக்காது. அந்தப் போலி ஸ்டீரியோவை ஃபிளாக்கில் வாங்கினால் போலித்தனம் முழுசாக, ஒரு துளி குறையாமல் வந்து சேரும்.

எண்பதுகள் கேசட் காலம். நாடு முழுக்க எந்தச் சின்ன ஊரிலும் ஒரு ரெக்கார்டிங் சென்டர் இருந்தது. காலி டிடிகே கேசட்டையும் பாட்டுப் பட்டியல் எழுதிய தாளையும் கொடுத்தால் இரண்டு நாளில் பதிந்து தருவார்கள். தட்டிலிருந்து நாடா, நாடாவிலிருந்து இன்னொரு நாடா. ஒவ்வொரு கைமாற்றத்திலும் மேல் ஒலி தேய்ந்து இரைச்சல் ஏறியது. 1986-ல் ‘புன்னகை மன்னன்’ படத்துக்கு இளையராஜா கம்ப்யூட்டர் இசையைக் கொண்டுவந்தார். அதை நம்மில் முக்காலே மூணு வீசம் பேர் கேட்டது இப்படி மூன்றாம் கைப் பிரதியில்.

ஏ.ஆர்.ரஹ்மான் 1989-ல் வீட்டுக் கொல்லையில் பஞ்சதன் ஸ்டுடியோவைக் கட்டினார். 1992-ல் ‘ரோஜா’. 2005-ல் டைம் இதழ் எக்காலத்துக்குமான பத்து சிறந்த திரையிசைகளில் அதையும் ஒன்றாகச் சேர்த்தது. ரஹ்மானின் ஒலியைப் பற்றிப் பேசும்போது எச்.ஸ்ரீதரை விட்டுவிடக் கூடாது. ‘தில் சே’, ‘லகான்’ படங்களின் ஒலிக்குத் தேசிய விருது வாங்கிய சென்னைப் பொறியாளர், 2008-ல் காலமானார். அடி ஒலி எங்கே நிற்க வேண்டும், குரல் எவ்வளவு அருகில் வர வேண்டும் என்று இந்த மாதிரி ஆட்கள் உட்கார்ந்து யோசித்ததைக் கேட்கத்தான் நல்ல பிரதி வேண்டும். வேடிக்கை என்னவென்றால், 1995-ல் டால்பி ஒலியோடு வந்து பேசப்பட்ட ‘குருதிப்புனல்’ படத்தில் பாட்டே கிடையாது.

ஆப்பில் இருப்பது எது?

ஒரே பாட்டு ஒரே ஆப்பில் மூன்று நான்கு ஆல்பங்களில் இருக்கும். அசல் படத்தின் பெயரில் ஒன்று, ‘ஹிட்ஸ்’ தொகுப்பில் ஒன்று, காதல் பாட்டு வரிசையில் ஒன்று. மூன்றும் மூன்று விதமாக ஒலிக்கும். ஒன்று நாடாவிலிருந்து நேரே எடுத்தது போல் இருக்கும், இன்னொன்றில் இரைச்சலை வடிகட்டுகிறேன் என்று வயலினையும் சேர்த்து வடிகட்டியிருப்பார்கள். எல்லாவற்றின் மேலும் லாஸ்லெஸ் முத்திரை ஒன்றேதான்.

அதைவிட மோசம், எம்பி3யையே ஃபிளாக்காக மாற்றி ஏற்றிவைப்பது. கோப்பு பெரிதாகும், எறிந்தது திரும்பாது. கண்டுபிடிக்கக் காது தேவையில்லை. ஸ்பெக் என்ற இலவச மென்பொருளில் போட்டால் பாட்டின் ஒலிப்பரப்பு படமாக விரியும். அசல் என்றால் மேல்நோக்கிப் போகப் போக மெல்லத் தேயும். எம்பி3யிலிருந்து வந்தது என்றால் பதினாறாயிரம் ஹெர்ட்ஸில் அளவுகோல் வைத்து வெட்டிய மாதிரி ஒரு கோடு, அதற்கு மேலே கறுப்பு. பழைய நாடாக்களில் இயல்பாகவே மேலே ஒன்றும் இருக்காது, அதையும் இதையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. டெலிகிராமில் வாங்கியதை ஒரு நாள் இப்படிப் போட்டுப் பாருங்கள்.

ஆக, லாஸ்லெஸ் கேட்பதற்கு என்பதைவிட வைத்துக்கொள்வதற்கு என்பதுதான் சரி. யூடியூப்பிலிருந்து எம்பி3, அதை வெட்டி ரிங்டோன், அதை வாட்ஸ்அப்பில் அனுப்பி, வாங்கியவர் ஸ்டேட்டஸ் வைத்து, அதிலிருந்து இன்னொருவர் எடுத்து... ஒவ்வொரு முறையும் நசுங்கும். முழுசாக ஒரு பிரதி எங்காவது இருந்தால்தான் இந்தக் கூத்தெல்லாம் பரவாயில்லை என்று விடலாம். தரமணியில் இருக்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இசைத்தட்டுகளைச் சேர்த்து வைத்திருக்கிறது. தனியாரிடம் இருப்பவை அதைவிடப் பல மடங்கு, பரணில், ட்ரங்குப் பெட்டியில், சில சமயம் பழைய பேப்பர்க்காரர் தராசில்.

வீட்டில் தொண்ணூறுகளின் அசல் சிடி இருந்தால் இப்போதே எடுத்துவிடுவது நல்லது. டிஸ்க் போடும் பழைய கம்ப்யூட்டர் ஒன்று, எக்ஸாக்ட் ஆடியோ காப்பி என்ற இலவச மென்பொருள். கீறல் விழுந்த இடத்தை அது திரும்பத் திரும்பப் படித்து, மற்றவர்கள் எடுத்த பிரதியோடு ஒத்துப்பார்த்துச் சொல்லும். கேசட் என்றால் பொறுமை வேண்டும். பூஞ்சை பிடித்த நாடாவை அப்படியே ஓட்டினால் ஹெட்டும் போகும், நாடாவும் போகும். முதலில் சுத்தம், பிறகு ஒருமுறை முன்னும் பின்னும் சுற்றல், அப்புறம்தான் பதிவு. இரைச்சலை நீக்கும் ஆசையைப் பதிவு செய்யும்போது அடக்கிக்கொள்ளுங்கள். இரைச்சலோடு ஒரு ஃபிளாக் எடுத்து வைத்துவிட்டு, நகலில் எதை வேண்டுமானாலும் செய்யலாம்.

கம்பெனிகள் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது. ரஹ்மான் ஆல்பங்களின் கேசட், சிடி உறைகளில் புல்லாங்குழல் யார், பேஸ் கிட்டார் யார், பதிவு செய்த பொறியாளர் யார் என்று பொடி எழுத்தில் அச்சிட்டிருந்தார்கள். நவீன், கீத் பீட்டர்ஸ் என்ற பெயர்களை நம் ஆட்கள் தெரிந்துகொண்டது அப்படித்தான். உறை போனதும் அந்தப் பெயர்களும் போயின. ஆப்பில் படத்தின் பெயர், பாடகர், இசையமைப்பாளர், மிஞ்சினால் பாடலாசிரியர். பழைய படம் என்றால் ஆண்டுகூட மறுவெளியீட்டின் ஆண்டாக இருக்கும். ஃபிளாக் கோப்புக்குள் எத்தனை வரி வேண்டுமானாலும் எழுதிவைக்க இடம் உண்டு. எந்த நாடாவிலிருந்து, எந்த வருடம், யார் எடுத்த பிரதி என்று மூன்று வரி எழுதுவதற்குப் பத்து கேபிகூட ஆகாது.